ஆனியும் ஆடியும் என் காவல்

என் முதல் குழந்தை இரண்டு நாள்தான் இருந்தது. பெண் குழந்தை. மூன்றாம் நாள் காலையில், பிரசவம் பார்த்த மருத்துவச்சி வந்து என் வயிற்றுக்குத் துணி சுற்றிக் கட்டிக்கொண்டே கேட்டாள்.

"எட்டாம் மாசத்துல எதுனா கனவு கண்டியா?"

கண்டிருந்தேன். மலைப்படியில் ஒரு பித்தளைக் குடம் வெறுமையாக உருண்டு வந்தது. நான் கீழே நின்று பிடிக்கக் கை நீட்டினேன். அது என்னைத் தாண்டிப் போய்விட்டது. அதை அவளிடம் சொன்னேன்.

"யார்கிட்டனா சொன்னியா?"

"இல்ல."

"வூட்டுக்காரர் கிட்ட?"

"இல்லங்க."

அவள் துணியின் முடிச்சை இறுக்கினாள். "எங்க கிட்ட சொல்லியிருக்கணும்" என்று மட்டும் சொல்லிவிட்டுக் கை கழுவப் போனாள்.

அந்த ஒரு வாக்கியம் என்னை நாற்பது நாள் தூங்கவிடவில்லை. சொல்லியிருந்தால் குழந்தை இருந்திருக்குமா? யாரிடம் சொல்லியிருக்க வேண்டும்? பால் கட்டி மார்பு வலித்தபோதெல்லாம் அதே கேள்விதான். தீட்டுக் கழிந்ததும் நானே அவள் வீட்டைத் தேடிப் போனேன். அப்படித்தான் படிக்காரர்களிடம் போய்ச் சேர்ந்தேன்.

அப்போது எனக்கு இருபத்திரண்டு வயது. திருத்தணியில் பெண்கள் ஆரம்பப் பள்ளியில் தமிழ்வழி வகுப்பு டீச்சர். என் கணவர் தனியார் பஸ் ஒன்றில் கண்டக்டர். பள்ளிப்பட்டுப் பக்கத்துக்காரர், வீட்டில் தெலுங்கு, வெளியில் தமிழ், பஸ்ஸில் இரண்டும். ஸ்டேஷனுக்குப் பின்னால் ஒரு சந்தில் குடியிருந்தோம். ஐம்பதுகளின் நடுப்பகுதி அது. ஊர் ஆந்திராவில் இருந்தது. சென்னையோடு சேர வேண்டும் என்று சுவரில் ஒருவர் எழுதுவார், மறுநாள் இன்னொருவர் அதன்மேல் சுண்ணாம்பு பூசுவார். பள்ளியில் எங்களுக்கு எந்தப் பக்கம் மாற்றல் வரும் என்ற பேச்சு ஓயாது. நான் அதில் எல்லாம் கலந்துகொண்டதில்லை. எனக்கு அந்தக் குடத்தின் நினைப்பு மட்டுமே இருந்தது.

எங்கள் மலைக்கு முந்நூற்று அறுபத்தைந்து படிகள். வருடத்துக்கு எத்தனை நாளோ அத்தனை படி என்பது ஊரில் குழந்தைக்கும் தெரியும். படிக்காரர்கள் அதை ஒரு பேச்சுக்குச் சொல்லும் கணக்காக எடுத்துக்கொள்ளவில்லை. ஒவ்வொரு நாளும் தனக்குரிய படியில் கால் வைத்துத்தான் ஊருக்குள் வருகிறது என்று நம்பினார்கள். அந்தப் படியை அன்று உச்சிவேளையில் பெருக்கிச் சுத்தமாக வைக்க வேண்டும். ஒருவர் கண்ட கெட்ட கனவு, பலிப்பதற்குத் தன் நாளைத் தேடி அலையும். அந்தக் கனவைப் படிக்காரர் ஒருவரிடம் ஒப்படைத்துவிட்டால், அவர் அதற்குரிய படியில் கற்பூரம் ஏற்றிக் கனவைப் பூட்டிவிடுவார். அதன்பிறகு அவர் அதைப் பற்றி வாயைத் திறக்கக் கூடாது. திறந்தால் கனவு வெளியே வந்து தன் நாளைக் கண்டுபிடித்துவிடும். இதற்கு வாய்க்கட்டு என்று பெயர். புருஷனிடமும் சொல்லக் கூடாது. மற்றப் படிக்காரரிடமும் சொல்லக் கூடாது.

மொத்தம் ஆறு பேர், ஒருவருக்கு இரண்டு மாதம். கனவு கண்ட நாள் எந்த மாதத்தில் வருகிறதோ அந்த மாதத்துக்காரரிடம்தான் சொல்ல வேண்டும். ஆவணியும் புரட்டாசியும் மருத்துவச்சிக்கு. ஐப்பசியும் கார்த்திகையும் மலைக்கோயில் மடப்பள்ளியில் தலைமைச் சமையல்காரராக இருந்த ஒரு பிராமணருக்கு. ஆனி, ஆடி இரண்டையும் வைத்திருந்த வளையல் வியாபாரி அந்த வருடம்தான் இறந்துபோயிருந்தார். அந்த இடத்துக்கு என்னை எடுத்தார்கள். மற்ற மூன்று பேரைப் பற்றிச் சொல்ல எதுவும் இல்லை. பார்க்கிறவர்களுக்கு நாங்கள் வேண்டுதலுக்காகப் படி பெருக்குகிறவர்கள். அப்படிப் பெருக்குகிறவர்கள் மலையில் எப்போதும் நாலு பேர் இருப்பார்கள் என்பதால் யாரும் எங்களைக் கவனித்ததில்லை.

மருத்துவச்சி என் கையில் துடைப்பத்தைக் கொடுத்தபோது, "ஒண்ணு தெரிஞ்சிக்கோ. உன் கனவ நீ காக்க முடியாது. உன் வூட்டுக் கனவயும் நீ காக்க முடியாது" என்றாள்.

"அப்ப எனக்கு இதால இன்னா லாபம்?"

"ஒண்ணும் இல்ல. இன்னொருத்தி உன்ன மாதிரி ஒக்காந்து அழாம இருப்பா."

அது எனக்குப் போதுமானதாக இருந்தது. என் குழந்தை போனதற்குக் காரணம் ஒன்று கிடைத்திருந்தது. காரணம் இல்லாமல் போனது என்பதைவிட, நான் வாய் திறக்காததால் போனது என்று நினைப்பது எனக்குச் சுலபமாக இருந்தது. இன்றைக்கு இதை எழுதும்போது வெட்கமாக இருக்கிறது. அன்றைக்கு அதுதான் என்னை எழுந்து நடக்க வைத்தது.

முதல் இரண்டு வருடம் வந்த கனவுகள் சாதாரணமானவை. பல் விழுந்தது, பாம்பு தொட்டிலைச் சுற்றியது, செத்துப்போன மாமனார் சாப்பாடு கேட்டார். சொல்லிவிட்டு அவர்கள் முகம் தெளிந்து போவதைப் பார்க்க நன்றாக இருந்தது. பள்ளியில் மத்தியான மணி அடித்ததும் நான் பாதித் தொலைவு ஓட்டமும் நடையுமாக மலைக்குப் போவேன். வெயிலில் கல் சுடும். அன்றைய படியைப் பெருக்கி, கற்பூரத்தைக் கொளுத்தி, அது அணைகிறவரை உதட்டை மூடிக்கொண்டு நின்றுவிட்டு, பாதிச் சாப்பாட்டு நேரத்தில் வகுப்புக்குத் திரும்பிவிடுவேன்.

மூன்றாவது வருடம் ஆடிக் கிருத்திகைக்கு இரண்டு நாள் முன்பு ஒரு பெண் என்னைத் தேடிப் பள்ளிக்கு வந்தாள். பொதட்டூர்பேட்டைக்காரி, நெசவுக் குடும்பம். பதினெட்டு வயதுகூட இருக்காது. காவடிக் கூட்டத்தோடு வந்தவள், மாமியார் குளிக்கப் போயிருந்த நேரத்தில் கூட்டத்திலிருந்து விலகி வந்திருக்கிறாள். வேப்பமரத்தடியில் நின்று அவசரமாகச் சொன்னாள்.

"டீச்சரம்மா, கனவு ஒண்ணு கண்டேங்க. தறி ரூமுல என்ன வெச்சிப் பூட்டிட்டாங்க. மூணு நாளு. சோறு இல்ல, தண்ணி இல்ல. பாவு நூலுக்குப் போடுற கஞ்சி ஒரு சட்டியில இருந்துச்சி. அத நக்கிக்கினு கெடந்தேன். அவ்ளோதாங்க கனவு."

"எப்ப கண்டே?"

"இந்த மாசந்தாங்க. ரெண்டு தடவ கண்டேன்."

பேசும்போது அவள் முந்தானையை முறுக்கிக்கொண்டிருந்தாள். அவளுடைய விரல்களைப் பார்த்தேன். நகக்கண்களில் வெள்ளையாக ஏதோ காய்ந்து ஒட்டியிருந்தது. கஞ்சிதான். எனக்குப் புரிந்துவிட்டது. புரியவில்லை என்று சொல்லித் தப்பிக்க எனக்கு வழி இல்லை. அவளை உட்கார வைத்து, இது கனவா நிஜமா என்று கேட்டிருக்கலாம். அவள் அம்மா வீடு எங்கே என்று கேட்டிருக்கலாம். என் கணவர் தினமும் அந்த ஊருக்குப் போய்வருகிற பஸ்ஸில் வேலை பார்த்தார்.

நான், "சரி, குடுத்துட்டுப் போ. நான் காக்கிறேன்" என்றேன்.

அவள் கும்பிட்டாள். முகம் தெளியவில்லை.

கிருத்திகையன்று மத்தியானம் நான் படியேறியபோது மலையே காவடியாக இருந்தது. மொட்டை அடித்த தலைகளும் சந்தனமும் மஞ்சள் துணியுமாகக் கூட்டம் ஏறிக்கொண்டிருந்தது. என் படியை என்னால் எண்ணிக் கண்டுபிடிக்க முடியவில்லை. குத்துமதிப்பாக ஒரு படியில் குனிந்து கற்பூரம் வைத்தேன். கொளுத்துவதற்குள் யாரோ ஒருவருடைய கால் அதைத் தட்டிவிட்டது. இன்னொன்று வைத்தேன். அது எரிந்தது. வாயை மூடிக்கொண்டு நின்றேன்.

புரட்டாசியில் ஒரு சாயங்காலம் என் கணவர் டிக்கெட் பையை ஆணியில் மாட்டிக்கொண்டே சொன்னார்.

"பொதட்டூர்பேட்டையில இன்னிக்கி பஸ் அரை மணி நேரம் நின்னுடுச்சி. ஒரு பொண்ணு கெணத்துல வுழுந்துட்டாளாம். ஊரே அங்க கீது. தறிக்கார வூட்டு மருமவளாம், சின்னப் பொண்ணு."

நான் அடுப்பைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் சற்று நேரம் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார் என்று நினைக்கிறேன். பிறகு, "தெரிஞ்ச பொண்ணா?" என்றார்.

"இல்ல" என்றேன்.

அவர் இருமினார். அந்த நாட்களில் இருமிக்கொண்டுதான் இருந்தார். ரோட்டுப் புழுதி என்பார். நானும் அப்படியே நினைத்தேன். எனக்கு அந்தப் பெண்ணின் நகங்களைத் தவிர வேறு எதுவும் கண்ணில் படவில்லை.

அதன்பிறகும் நான் விலகவில்லை. கூட்டத்தில் படி தப்பிப்போயிருக்கும், அதனால்தான் கனவு வெளியே வந்துவிட்டது என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அடுத்த வருடம் படிகளை இன்னும் கவனமாக எண்ண வேண்டும் என்று முடிவு செய்தேன். அப்படித்தான் இருந்தது என் புத்தி.

கார்த்திகை மாதம் ஒரு மத்தியானம், மூன்றாம் வகுப்புக்குக் கழித்தல் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தபோது அவருடைய பஸ்ஸின் டிரைவர் பள்ளி வாசலில் வந்து நின்றார். கனகம்மாசத்திரத்தில் பஸ் நின்றபோது என் கணவர் இறங்கி டிக்கெட் கொடுத்துக்கொண்டே இருமியிருக்கிறார். வாயிலிருந்து ரத்தம் கொட்டியிருக்கிறது. டீக்கடை பெஞ்சில் படுக்க வைத்துத் திரும்பக் கொண்டுவந்திருந்தார்கள். நான் போனபோது வீட்டுக்குள் பாயில் கிடந்தார். சட்டையின் முன்பக்கம் முழுக்கக் காய்ந்து கருத்திருந்தது.

ஊர் டாக்டர் பார்த்துவிட்டு உடனே வேலூருக்குப் போகச் சொன்னார். அங்கே படம் எடுத்துப் பார்த்தார்கள். இரண்டு நுரையீரலும் போய்விட்டது என்றார்கள். ஊசி போட்டுப் பார்க்கலாம், ஆனால் நான்கு மாதத்துக்கு முன்பு வந்திருந்தால் பேச்சு வேறு என்றார் அந்த டாக்டர். கோபமாகச் சொல்லவில்லை. தினமும் பத்துப் பேரிடம் சொல்கிற குரலில் சொன்னார்.

திரும்பி வந்த பிறகு ஒரு நாள் அவருக்குக் கஞ்சி ஊட்டிக்கொண்டிருந்தபோது கேட்டேன்.

"எப்பலருந்து ரத்தம் வந்துச்சி?"

"ஆடியிலருந்து."

"ஏன் என்கிட்ட சொல்லல?"

"சொன்னா நீ இன்னா செய்வே? டாக்டர் கிட்ட கூட்டிகினு போவே. கண்டக்டருக்கு இந்த நோவுன்னு தெரிஞ்சா மொதலாளி பையப் புடுங்கிக்குவான். வூட்டுக்காரன் காலி பண்ணச் சொல்லுவான். உன்ன ஸ்கூல்ல சேத்துக்குவாங்களா? எங்க நைனாவுக்கு இதே நோவு வந்தப்ப ஊர்ல தண்ணி கூட மொள்ள வுடல."

"யார்கிட்டயுமே சொல்லலயா?"

அவர் கண்ணை மூடிக்கொண்டார். "சாமிகிட்ட சொன்னேன். மடப்பள்ளி சாமிகிட்ட. கனவுன்னு சொன்னேன்."

அவருக்குப் படிக்காரர்களைப் பற்றி எதுவும் தெரியாது என்று நான் நினைத்திருந்தேன்.

"நீ படி பெருக்குறது எனக்குத் தெரியாதா? உன்கிட்ட கனவு சொல்ல வர்றவங்க எல்லாம் என் பஸ்ஸுலதான வராங்க. ஆனி, ஆடி உன்னுது. உன்கிட்ட சொல்ல முடியாது. ஆவணி, புரட்டாசி அந்த மருத்துவச்சியம்மாவுது. அது உன்னப் பாத்தா வாய வுட்டுடும். அத்தொட்டு ஐப்பசி வரட்டும்னு இருந்தேன்."

இரண்டு மாதமும் சில நாட்களும் தன் வாயில் வந்த ரத்தத்தைத் துண்டில் துடைத்துக்கொண்டு, நான் காத்த மாதம் கழிந்து, மருத்துவச்சி காத்த மாதங்களும் கழியும்வரை அவர் பொறுத்திருந்தார். பிறகு போய், பஸ்ஸில் டிக்கெட் கொடுக்கும்போது வாயிலிருந்து குங்குமம் கொட்டி டிக்கெட் எல்லாம் சிவந்ததாகக் கனவு கண்டேன் என்று சொல்லியிருக்கிறார். பூட்டிவிட்டால் நின்றுவிடும் என்று அவரும் நம்பியிருக்கிறார். அந்த நம்பிக்கை என் வீட்டுக்குள் வந்ததே என்னால்தான்.

மறுநாள் மத்தியானம் மலைக்குப் போனேன். மடப்பள்ளியின் பின்முற்றத்தில் சமையல்காரர் பெரிய அண்டா ஒன்றைச் சாய்த்து வைத்துத் தேய்த்துக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் எழுந்தார்.

"உக்காருங்கோ டீச்சர்."

நான் உட்காரவில்லை. "என் வீட்டுக்காரர் உங்ககிட்ட வந்தாரா சாமி?"

அவர் மறுபடி அண்டாவைத் தேய்க்கக் குனிந்தார். வாய்க்கட்டு.

"அவரே சொல்லிட்டார். நீங்க சொல்ல வேண்டியது ஒண்ணுதான். அது கனவுன்னு நெனச்சீங்களா?"

அவர் கையில் இருந்த தேங்காய் நாரைக் கீழே வைத்தார். "கனவுன்னுதான் சொன்னான். இல்லேன்னு எனக்குத் தெரிஞ்சது. தோள்ல கிடந்த துண்டுல கறை இருந்தது."

"அன்னிக்கே எனக்கு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா ஒரு மாசம் கெடச்சிருக்கும்."

"கிடைச்சிருக்கும்."

"பின்ன ஏன் சொல்லல?"

"முப்பது வருஷமா யார் சொன்னதையும் சொன்னதில்லை. சொல்லத் தெரியலை." பிறகு மெல்லக் கேட்டார். "உங்ககிட்ட வந்தவா எல்லாரும் கனவைத்தான் சொன்னாளா, டீச்சர்?"

என்னைக் குத்திக் காட்டுகிற குரல் இல்லை அது. நிஜமாகவே தெரிந்துகொள்ளக் கேட்டார். முப்பது வருடமாக அவர் மட்டும்தான் இப்படியா, அல்லது எல்லோருமே இப்படித்தானா என்று தெரிந்துகொள்ள விரும்பினார். அவரைத் திட்டுவதற்காக நான் வழியெல்லாம் சேர்த்துக்கொண்டு போயிருந்த வார்த்தைகளில் ஒன்றைக்கூட எடுக்க முடியவில்லை. திரும்பி இறங்கினேன்.

என் கணவர் பயந்ததெல்லாம் நடந்தது. டிக்கெட் பையைக் கேட்டு ஆள் வந்தது. வீட்டின் சொந்தக்காரர் வாசலுக்கு வெளியிலேயே நின்று, தை பிறந்ததும் காலி செய்துவிட்டால் நல்லது என்றார். ஊரின் தெற்குக் கோடியில் ஓலைக் கொட்டகை ஒன்றுக்குப் போனோம். ஊசிக்காக இரண்டு தடவை வேலூர் போய்வந்தோம். மூன்றாவது தடவைக்கு அவருக்குத் தெம்பு இல்லை. மாசி முழுக்க என்னிடம் ஊர்ப் பெயர்களை வரிசையாகச் சொல்லிக்கொண்டிருப்பார், பஸ் நிற்கிற வரிசையில், நிறுத்தத்துக்கு நிறுத்தம். நடுவில் ஒன்று விட்டுப்போனால் மறுபடி முதலிலிருந்து ஆரம்பிப்பார். பங்குனியில் ஒரு விடியற்காலை, நான் தண்ணீர் பிடிக்கப் போய்த் திரும்புவதற்குள் இறந்துவிட்டார்.

ஆனி பிறந்த அன்று மருத்துவச்சி வந்தாள். துடைப்பத்தைக் கொண்டுவந்திருந்தாள்.

"நான் வரல" என்றேன்.

"நீ வரலன்னா அந்தப் படிங்கல்லாம் சும்மா கெடக்கும்."

"கெடக்கட்டும். நாம எதையும் காக்கலங்க. ஜனங்க சொல்ல முடியாதத வாங்கி உள்ள வெச்சிக்கினு கதவச் சாத்திட்டோம். என் குழந்தைக்கும் குடத்துக்கும் சம்பந்தமே இல்ல. உங்களுக்கும் அது தெரியும்."

அவள் மறுக்கவில்லை. "நான் எடுத்த பிரசவத்துல செத்த குழந்தைங்க எத்தினின்னு எனக்குத் தெரியும். எல்லாம் சும்மாவே செத்துச்சின்னு நெனச்சிக்கினு நான் அடுத்த வூட்டுக்குப் போவ முடியுமா?" என்றாள். துடைப்பத்தை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். அந்த வருடம் ஆனியையும் ஆடியையும் அவளே பார்த்துக்கொண்டாள் என்று கேள்விப்பட்டேன்.

என்னிடம் ஆட்கள் வருவது மட்டும் நிற்கவில்லை. வருகிறவர்களிடம் நான் கேட்க ஆரம்பித்தேன். இது கனவா, இல்லை நடந்ததா? நடந்தது என்றால் டாக்டரிடம் போங்கள், அம்மா வீட்டுக்குப் போங்கள், நான் கூட வருகிறேன் என்றேன். உண்மையைச் சொல்லப்போனால், ஒருவர்கூட என்னோடு வரவில்லை. முகம் மாறி, கும்பிட்டுவிட்டு, வந்த வழியே போய்விடுவார்கள்.

கடைசியாக வந்தவர் என் வகுப்பில் படித்த ஒரு பெண்ணின் அப்பா. தன் மகள் தரையில் விழுந்து, கை கால் இழுத்து, வாயில் நுரை தள்ளியதாக நான்கு தடவை கனவு கண்டேன் என்றார். அந்தப் பெண்ணின் நெற்றியில் புதிதாக ஒரு காயம் இருந்ததை நான் முந்தின வாரம்தான் பார்த்திருந்தேன்.

"இது கனவு இல்லங்க. பிள்ளைய வேலூர்ல காட்டணும். மருந்து கீது" என்றேன்.

"கனவுதாங்க டீச்சர்" என்றார். "பொம்பளப் புள்ளைங்க. நாளைக்கி யாரு கட்டுவாங்க?"

மறுநாள் மத்தியானம் மலையடிவாரம் வழியாகப் போனபோது மருத்துவச்சி வெயிலில் குனிந்து ஒரு படியைப் பெருக்கிக்கொண்டிருந்தாள். பக்கத்தில் கற்பூரம் எரிந்துகொண்டிருந்தது. என்னைப் பார்த்தாள். அவள் உதடு இறுக மூடியிருந்தது. நான் ஒன்றும் கேட்கவில்லை, கேட்டாலும் சொல்லமாட்டாள்.

ஒரு மாதம் கழித்து அந்தப் பெண் பள்ளிக்கு வருவது நின்றுவிட்டது. வீட்டுக்குப் போய்க் கேட்டேன். நகரியில் மாமன் வீட்டுக்கு அனுப்பியிருக்கிறோம் என்றார்கள். அங்கே அடுப்படி வேலைக்கு ஆள் வேண்டியிருந்ததாம். அடுப்பங்கரையில் விடாதீர்கள், நெருப்புப் பக்கம் விடாதீர்கள் என்று சொன்னேன். சரிங்க டீச்சர் என்றார்கள். அதன்பிறகு அவளைப் பற்றி எனக்கு ஒரு தகவலும் கிடைக்கவில்லை.